மலையில் ஓடும் டீசல் வண்டிக்கு ரீமேப் செய்வது எப்படி

கோயம்புத்தூரில் ரீமேப் போட்டு (இன்ஜினைக் கட்டுப்படுத்தும் ஈசியூ என்ற கம்ப்யூட்டரில் உள்ள ஃபைலை மாற்றி எழுதுவதுதான் ரீமேப்), அவினாசி ரோட்டில் ஒரு ரவுண்டு அடித்துப் பார்த்து, வண்டி பறக்குது என்ற சந்தோஷத்தோடு மேட்டுப்பாளையம் வழியாக மேலே வரும் டீசல் வண்டிகள் பல, பர்லியார் தாண்டும்போதே கரும்புகை தள்ள ஆரம்பித்துவிடும். குன்னூர் வருவதற்குள் டெம்பரேச்சர் முள் ஏறும். சில வண்டிகள், இன்ஜினைக் காக்கச் சக்தியைக் குறைத்துவிடும் லிம்ப் மோடுக்குப் போய், காய்கறி லாரிக்குப் பின்னால் ஊர்ந்துகொண்டே ஊர் வந்து சேரும். போட்டுக்கொடுத்தவர் ஏமாற்றிவிட்டார் என்று அர்த்தமில்லை, அந்த ஃபைல் கீழே உள்ள காற்றுக்காக எழுதப்பட்டது. ஊட்டி, குன்னூர், கோத்தகிரி பக்கமோ கொடைக்கானல், பண்ணைக்காடு பக்கமோ தினமும் ஓட்டுகிறவர்களுக்கு வேறு மாதிரி ஃபைல் வேண்டும். அதை எப்படிச் செய்வது, நீங்களே செய்யாமல் ரீமேப் போட்டுத்தரும் டியூனரிடம் விட்டால் அவரிடம் என்னென்ன கேட்டு வாங்க வேண்டும் என்று தெரிந்த வரைக்கும் சொல்கிறேன்.

நான் பேசுவது காமன் ரெயில் (எல்லா இன்ஜெக்டருக்கும் ஒரே உயர் அழுத்தக் குழாயிலிருந்து டீசல் போகும் வகை) டர்போ டீசல் வண்டிகளைப் பற்றி, முக்கியமாக பி.எஸ்.3, பி.எஸ்.4 காலத்து வண்டிகள். ஸ்விஃப்ட் டிடிஐஎஸ், ஸ்கார்பியோ எம்ஹாக், இன்னோவா, வெர்னா சிஆர்டிஐ என்று மலையில் எங்கே பார்த்தாலும் இருக்கிற வண்டிகள்தான். மெக்கானிக்கல் பம்ப் வைத்த பழைய ஜீப்புக்கு மாற்ற சாஃப்ட்வேரே கிடையாது. பி.எஸ்.6 வண்டிகளைப் பற்றித் தனியாகக் கீழே சொல்கிறேன்.

முதலில் காற்றுக் கணக்கு

கடல் மட்டத்தில் காற்றழுத்தம் சுமார் 101 கிலோபாஸ்கல். மேட்டுப்பாளையத்தில் 97 இருக்கும். குன்னூரில் 81 பக்கம். ஊட்டி சுமார் 2,240 மீட்டர் உயரம், அங்கே 77தான். கொடைக்கானலும் கிட்டத்தட்ட அதேதான், 78 என்று வைத்துக்கொள்ளலாம். ஆக மேலே வந்து சேரும்போது ஒவ்வொரு முறை இன்ஜின் இழுக்கும் மூச்சிலும் கால் பங்கு காற்று குறைந்துவிடுகிறது. எக்ஸாஸ்ட் வேகத்தில் சுற்றி, காற்றை அழுத்தி இன்ஜினுக்குள் தள்ளும் டர்போ இதில் ஒரு பகுதியை ஈடுகட்டும், ஆனால் டர்போ சுற்ற ஆரம்பித்த பிறகுதான். கொண்டை ஊசி வளைவில் செகண்ட் கியரில் 1,300 ஆர்பிஎம்முக்கு விழுந்து திரும்புகிற அந்த நேரத்தில் டர்போ இல்லாத இன்ஜின் மாதிரிதான் அது நடந்துகொள்ளும்.

ஒரு கிலோ டீசல் முழுசாக எரிய கணக்குப்படி 14.5 கிலோ காற்று வேண்டும். நடைமுறையில் அது போதாது, ஏனென்றால் சிலிண்டருக்குள் டீசல் எல்லா இடத்துக்கும் சமமாகப் போய்ச் சேர்வதில்லை. விகிதம் 18-க்குக் கீழே போனாலே கண்ணுக்குத் தெரிகிற அளவுக்குப் புகை வர ஆரம்பிக்கும். இதை வைத்து ஒரு கணக்குப் போடுங்கள்: ஒரு ஸ்ட்ரோக்குக்கு 600 மில்லிகிராம் காற்று உள்ளே போனால், 18 விகிதத்தில் 33 மில்லிகிராம் டீசல் கொடுக்கலாம். அதே ஆர்பிஎம்மில் மேலே காற்று 500 ஆகக் குறைந்தால் 28 மில்லிகிராம்தான். அங்கேயும் 33 கொடுக்கச் சொல்லி ஃபைலில் எழுதியிருந்தால் விகிதம் 15-க்கு வந்துவிடும். மிச்சமிருக்கிற டீசல் இழுவையாக மாறாது, கரியாகவும் சூடாகவும் சைலன்சர் வழியாக வெளியே போகும். போகிற வழியில் டர்போவையும், எக்ஸாஸ்டில் ஒரு பகுதியை மறுபடி இன்ஜினுக்குள் அனுப்பும் ஈஜிஆரையும் கெடுத்துவிட்டுத்தான் போகும்.

இரண்டாவது, டர்போ எவ்வளவு கஷ்டப்படுகிறது என்பது. கம்பெனி ஃபைலில் பூஸ்ட் டார்கெட் (டர்போ எட்ட வேண்டிய காற்றழுத்தம்) மொத்த அழுத்தமாகத்தான் எழுதப்பட்டிருக்கும். 220 கிலோபாஸ்கல் கேட்டால், மேட்டுப்பாளையத்தில் டர்போ வெளிக்காற்றை 2.3 மடங்கு அழுத்தினால் போதும். ஊட்டியில் அதே 220-க்கு 2.85 மடங்கு அழுத்த வேண்டும். அதற்கு டர்போ இன்னும் வேகமாகச் சுற்றியாக வேண்டும். சின்ன டர்போக்களுக்கு அந்த வேகம் தாங்காது. இதனால்தான் உயரம் ஏற ஏற பூஸ்டையும் டார்க்கையும் (இழுவையையும்) குறைக்கும் அட்டவணைகளைக் கம்பெனிக்காரன் ஈசியூவுக்குள் வைத்திருக்கிறான். வெளிக்காற்றை அளக்கும் சென்சார் பெரும்பாலான வண்டிகளில் ஈசியூ பெட்டிக்குள்ளேயே இருக்கும்.

மூன்றாவது, நேரம். சமவெளியில் ஆக்சிலேட்டரை முழுக்க மிதிப்பது ஓவர்டேக் செய்யும் சில நொடிகள் மட்டும்தான். மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டி வரை சுமார் 50 கிலோமீட்டரில் 1,900 மீட்டர் ஏறுகிறோம், ஐந்து பேரும் பெட்டி படுக்கையும் ஏறினால் இன்ஜின் ஒரு மணி நேரத்துக்கு மேல் பாரம் சுமந்துகொண்டே வரும். வண்டியை நிறுத்திவைத்துச் சக்தியை அளக்கும் டைனோவில் பத்து நொடி ஓட்டி, கிராஃப் காட்டி விற்கும் ஃபைல் இந்த ஒரு மணி நேரத்தைப் பற்றி எதுவும் சொல்லாது.

ரீமேப்புக்கு முன்னால் வண்டியைச் சரி செய்யுங்கள்

"பிக்கப் இல்லை, ரீமேப் போட வேண்டும்" என்று சொல்லி வரும் வண்டிகளில் பலவற்றுக்கு ரீமேப்பே தேவைப்படாது. பானெட்டைத் திறந்து, டர்போவிலிருந்து இன்டர்கூலருக்குப் போகும் ஹோஸ், அங்கிருந்து மேனிஃபோல்டுக்குப் போகும் ஹோஸ், இரண்டையும் கையால் தடவிப் பாருங்கள். கிளிப்பு மாட்டியிருக்கும் இடத்தில் விரலில் கறுப்பாக எண்ணெய்ப் பிசுக்கு ஒட்டினால், அந்த ஜாயின்டில் காற்று கசிகிறது. ஹோஸின் மேல்பக்கம் நன்றாக இருக்கும், அடிப்பக்கம் பேட்டரி ட்ரேயிலோ ஃபேன் ஷ்ரவுடிலோ உரசி, நகம் நுழையும் அளவுக்கு ஒரு கீறல் இருக்கும். நின்றுகொண்டு பார்த்தால் தெரியாது. கழற்றி, மடக்கி, வெளிச்சத்தில் காட்டினால்தான் வாய் திறக்கும். கீழே ஓட்டுகிறவருக்கு இந்தக் கசிவு லேசான மந்தமாகத் தெரியும், மலையில் அதுதான் வண்டி வளைவில் நின்றுபோகக் காரணம்.

அடுத்து, உள்ளே போகும் காற்றை அளக்கும் எம்ஏஎஃப் சென்சார். அதற்கென்று உள்ள ஸ்பிரேயால் மட்டும் சுத்தம் செய்யுங்கள், துணியால் துடைக்காதீர்கள். ஏர் ஃபில்டர், டீசல் ஃபில்டர் இரண்டும் புதுசாக இருக்க வேண்டும், ஃபில்டர் அடியில் தேங்கும் தண்ணீரையும் இறக்கிவிடுங்கள். ஈஜிஆர் வால்வு கரி பிடித்து முழுசாக மூடாமல் நின்றால், ஏற்கெனவே குறைவாக இருக்கும் காற்றில் ஒரு பங்கைப் புகையே பிடித்துக்கொள்ளும். விஜிடி டர்போ (உள்ளே வேன் என்ற நகரும் இதழ்கள் வைத்தது) என்றால் அந்த வேன்கள் சிக்குகிறதா என்று பார்க்க வேண்டும், ஆக்சுவேட்டருக்குப் போகும் மெல்லிய வேக்குவம் குழாயையும் சேர்த்து.

கூலிங் விஷயத்தில் ரேடியேட்டர் மூடியை யாரும் கண்டுகொள்வதில்லை, எனக்கு அதுதான் முதலில் கண்ணில் படும். திறந்த பாத்திரத்தில் ஊட்டித் தண்ணீர் 92, 93 டிகிரியிலேயே கொதிக்கும். இன்ஜினுக்குள் அப்படிக் கொதிக்காமல் இருக்க கூலன்ட் கலவை ஓரளவு உதவும், மூடி பிடித்து வைக்கும் அழுத்தம்தான் பெரிய காரணம். மூடியின் அடியில் உள்ள ரப்பர் கெட்டியாகி, விளிம்பில் வெடித்திருந்தால் கீழே பிரச்சினை தெரியாது. மேலே லவ்டேல் ஏற்றத்தில் கூலன்ட் பொங்கி வெளியே வரும். இன்ஜின் குளிர்ந்திருக்கும்போது மட்டும் திறந்து பாருங்கள், சந்தேகம் இருந்தால் புதுசு மாற்றிவிடுங்கள், சில நூறு ரூபாய்தான்.

கிளட்ச் ஏற்கெனவே வழுக்குகிறது என்றால் ரீமேப் வேண்டாம். முதலில் கிளட்ச்.

லாக் எடுக்காமல் எதையும் தொட வேண்டாம்

ஓட்டும்போது சென்சார்கள் காட்டும் எண்களைப் பதிவு செய்வதுதான் லாக். வண்டியின் பரிசோதனை சாக்கெட்டான ஓ.பி.டி.யில் மாட்டும் இஎல்எம்327 வகை புளூடூத் அடாப்டரும், போனில் 'டார்க்' (Torque) என்ற பெயரில் வரும் ஆப் மாதிரி ஒன்றும் ஆரம்பத்துக்குப் போதும். பதிவு செய்ய வேண்டியவை: ஆர்பிஎம், பெடல் எவ்வளவு மிதித்தது, மேனிஃபோல்டு பிரஷர், வெளிக்காற்று அழுத்தம், காற்றின் எடை, ரெயில் பிரஷர், கூலன்ட் டெம்பரேச்சர். பொது ஓ.பி.டி.யில் மேனிஃபோல்டு பிரஷர் அதிகபட்சம் 255 கிலோபாஸ்கல் வரைதான் காட்டும். அதனால் 255-ல் கோடு தட்டையாக நின்றால் பூஸ்ட் அங்கே நின்றுவிட்டது என்று நினைத்துவிடாதீர்கள், அதற்கு மேல் பார்க்க அந்தக் கம்பெனிக்கான ஸ்கேனர் வேண்டும்.

எங்கே லாக் எடுப்பது? குறைந்தது மூன்று உயரங்களில் எடுங்கள்: மேட்டுப்பாளையம் பக்கத்துச் சமதளத்தில் ஒன்று, குன்னூர் உயரத்தில் ஒன்று, ஊட்டிக்கு மேல் ஒன்று. கொடைக்காரர்களுக்கு வத்தலக்குண்டு, ஊத்து, பெருமாள்மலைக்கு மேல் என்று பிரித்துக்கொள்ளலாம். மூன்றாவது கியரில் 1,500-லிருந்து மெதுவாக ஆரம்பித்து முழுக்க மிதித்து 3,500 வரை, ஒரே ரோடு, ஒரே ஆள் எடை, இன்ஜின் சூடான பிறகு. விடியற்காலையில், வண்டி வராத நேரத்தில், பக்கத்தில் ஒருவர் போனைப் பார்த்துக்கொள்ள, ஓட்டுகிறவர் ரோட்டை மட்டும் பார்க்க வேண்டும். பனி இருந்தால் அன்றைக்கு விட்டுவிடுங்கள்.

அப்புறம் வளைவு லாக். இதைப் பலர் எடுப்பதே இல்லை, மலை வண்டிக்கு எனக்கு இதுதான் முக்கியம். கல்லாறு தாண்டி முதல் கொண்டை ஊசி வளைவுகளில் ஏதாவது ஒன்றில், செகண்ட் கியரில் திரும்பி வெளியே வரும்போது பெடலை மிதித்த கணத்திலிருந்து பூஸ்ட் டார்கெட்டை எட்ட எவ்வளவு நேரம் ஆகிறது என்று பாருங்கள். அதே மாதிரி வளைவை ஊட்டிக்குப் பக்கத்தில் எடுங்கள். மேலே அந்த நேரம் கூடியிருக்கும், ஏனென்றால் இன்ஜினிலிருந்து வெளிவரும் எக்ஸாஸ்ட் காற்றே குறைவு, டர்போவைச் சுற்ற வைக்க ஆள் போதவில்லை. இந்த நேரத்தைக் குறைப்பதுதான் நமது உண்மையான வேலை. உச்ச குதிரைத்திறன் எவ்வளவு என்பது மலை ரோட்டில் யாருக்கும் பயன்படாத எண்.

ஃபைலை எடுப்பது

வண்டியில் இருப்பது எந்த ஈசியூ என்று பெட்டியின் ஸ்டிக்கரிலோ ஸ்கேனரிலோ பாருங்கள். பழைய டீசல் வண்டிகளில் பாஷ் ஈடிசி15, அதற்கடுத்த தலைமுறை ஈடிசி16, பிறகு ஈடிசி17. மாருதி, டாடாவில் வந்த ஃபியட் 1.3 மல்ட்டிஜெட்டில் மக்னெட்டி மரெல்லி, டொயோட்டாவில் டென்சோ. ஈடிசி16 வரை பெரும்பாலும் ஓ.பி.டி. வழியாகவே வேலை முடிந்துவிடும். ஈடிசி17-ல் பல மாடல்களில் டியூனிங் தடுப்பு இருப்பதால் பெட்டியைக் கழற்றி மேஜையில் வைத்துத்தான் படிக்க வேண்டும், முதல் முறை செய்கிறவர்கள் அதில் இறங்காதீர்கள்.

சில வண்டிகளில் ஓ.பி.டி. வழியாகப் படித்தேன் என்று கருவி சொல்லும், உண்மையில் அது வண்டியிலிருந்து படிக்காது, சாஃப்ட்வேர் எண்ணை வைத்துத் தன் களஞ்சியத்திலிருந்து ஒரு ஃபைலை எடுத்துத் தரும். அது உங்கள் வண்டியில் உள்ளதேதான் என்று சொல்ல முடியாது. டியூனரிடம் கேளுங்கள்: நேரடியாகப் படித்த ஃபைலா, களஞ்சியத்து ஃபைலா? பதில் எதுவாக இருந்தாலும் ஸ்டாக் ஃபைலின் (கம்பெனி போட்ட ஃபைலின்) ஒரு காப்பியை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். தர மறுக்கிறவரிடம் வேலை கொடுக்க வேண்டாம்.

எந்த மேப்பில் எவ்வளவு

வின்ஓஎல்எஸ் மாதிரி சாஃப்ட்வேரில் ஃபைலைத் திறந்தால் நூற்றுக்கணக்கான அட்டவணைகள் (மேப்கள்) தெரியும். எது எது என்று சொல்லும் டெஃபினிஷன் ஃபைல் இல்லாமல் கண்ணால் மலை மாதிரி உருவத்தைப் பார்த்து யூகித்து மாற்றுவது ஆபத்து. நமக்குத் தேவைப்படுவது சில அட்டவணைகள்தான்.

பெடல் மேப். எவ்வளவு மிதித்தால் எவ்வளவு டார்க் கேட்க வேண்டும் என்பது இதில் இருக்கும். விலை குறைவாகப் போட்டுத்தரும் ரீமேப்புகளில் பலவும் இதை மட்டும் கூராக்கிவிட்டு அனுப்புகின்றன. கால்வாசி மிதித்தாலே பாதி கொடுக்கும், வண்டி பறப்பது போல் தோன்றும், முழுக்க மிதித்து லாக் எடுத்தால் பழைய வண்டிதான். தேயிலைத் தோட்டத்து ஈரச் சாலையில், யூகலிப்டஸ் இலை விழுந்து கிடக்கும் வளைவில், பனிக்குள், இப்படிக் கூரான பெடல் உயிருக்கு ஆபத்து என்றே நான் நினைக்கிறேன். முதல் 30 சதவீதத்தை ஸ்டாக்கிலேயே விடுங்கள். 40-லிருந்து 80 வரை லேசாக உயர்த்தினால் ஏற்றத்தில் கியர் மாற்றுவது குறையும்.

ஸ்மோக் லிமிட்டர். இன்ன காற்றுக்கு அதிகபட்சம் இன்ன டீசல் என்று பூட்டுப் போடுவது இதுதான். கம்பெனி பெரும்பாலும் தாராளமாக இடம் விட்டு வைத்திருக்கும். காற்று நிறைய இருக்கும் பகுதியில், அதாவது டர்போ நன்றாகச் சுற்றும் 2,000-க்கு மேலே, விகிதம் 18-க்குக் குறையாமல் பார்த்துக்கொண்டு கூட்டலாம். காற்று குறைவான வரிசைகளை அப்படியே விடுங்கள். வளைவில் பெடலை மிதித்ததும் மந்தமாக இருக்கிறதே என்று அங்கே டீசலைக் கூட்டத்தான் எல்லோருக்கும் கை பரபரக்கும், கூட்டினால் வருவது புகை. கொஞ்சம் கூடுதல் சூடு டர்போவைச் சீக்கிரம் எழுப்பும் என்பது உண்மைதான், அதற்கு இரண்டு மூன்று சதவீதம் போதும், அதற்கு மேல் பின்னால் வருகிறவர் முகத்தில் கரி பூசுவதுதான் நடக்கும்.

டார்க் லிமிட்டர். மலை ஃபைலும் சமவெளி ஃபைலும் பிரிகிற இடம் இதுதான், இங்கே கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள். ஈடிசி15 போன்றவற்றில் இந்த அட்டவணைக்கு ஒரு பக்கம் ஆர்பிஎம், இன்னொரு பக்கம் வெளிக்காற்று அழுத்தம். அழுத்தம் குறையும் வரிசைகளில் டார்க்கும் குறையும்படி கம்பெனி எழுதியிருக்கும். அவசரமாக வேலை செய்கிறவர் சமதள வரிசையில் உயர்த்திய அதே எண்ணை எல்லா வரிசையிலும் ஒட்டிவிடுவார், சமவெளியில் அழுத்தம் குறைந்த வரிசைகளுக்கு ஈசியூ போகவே போகாது என்பதால் அவருக்கு எந்த வித்தியாசமும் தெரியாது. நாம் வாழ்வதே அந்த வரிசைகளில்தான். சமதள வரிசையில் 10 முதல் 15 சதவீதம் உயர்த்துங்கள். 80 கிலோபாஸ்கல் பக்கத்து வரிசையில், உங்கள் குன்னூர் லாக்கில் எவ்வளவு காற்று மிச்சம் தெரிகிறதோ அந்த அளவுக்கு மட்டும், அனேகமாக 5 சதவீதம். அதற்குக் கீழே உள்ள வரிசைகளில் கை வைக்க வேண்டாம். டியூனரிடம் போனால் இந்த ஒரு அட்டவணையை மட்டும் திரையில் காட்டச் சொல்லுங்கள். எல்லா வரிசையும் ஒரே எண்ணாக இருந்தால் அந்த ஃபைல் உங்களுக்கானது இல்லை.

டார்க் கிராஃபின் வடிவமும் முக்கியம். 190 நியூட்டன் மீட்டர் இன்ஜினை 215-க்குக் கொண்டுபோகலாம், ஆனால் 1,700-லேயே அத்தனையையும் கொட்டக் கூடாது. அந்த வேகத்தில் பிஸ்டன் மெதுவாக நகர்கிறது, அழுத்தம் முழுக்க கனெக்டிங் ராடிலும் கிளட்சிலும் இறங்கும், மேட்டில் கிளம்பும்போதே கிளட்ச் கருகும் வாடை வரும். 1,800-லிருந்து சரிவாக ஏற்றி 2,200-ல் உச்சிக்கு வந்து, 3,000 வரை தட்டையாகப் பிடித்தால் இரண்டாவது, மூன்றாவது கியரில் மலை ஏறுவதற்குக் கச்சிதமாக இருக்கும்.

பூஸ்ட். சமதளத்தில் 10 கிலோபாஸ்கல் வரை கூட்டலாம். வெளிக்காற்று அழுத்தத்தைப் பார்த்து பூஸ்டைக் கட்டுப்படுத்தும் தனி அட்டவணை ஒன்று இருக்கும், அதைத் தொடாதீர்கள். விஜிடி டர்போவில் வேன் எவ்வளவு மூடியிருக்க வேண்டும் என்ற மேப்பைக் குறைந்த ஆர்பிஎம்மில் லேசாகத் திருத்தினால் வளைவில் பூஸ்ட் சீக்கிரம் வரும், அளவு மீறினால் பி0234 என்று ஓவர்பூஸ்ட் ஃபால்ட் கோடு (ஈசியூ பதியும் பழுது எண்) விழும். ஒரு தடவைக்கு ஒரு சின்ன மாற்றம், உடனே லாக், பிறகு அடுத்தது.

ரெயில் பிரஷரை அந்த இன்ஜினின் கம்பெனி உச்சத்துக்கு மேல் கொண்டுபோகவே வேண்டாம். நடு ஆர்பிஎம்மில் 30, 40 பார் கூட்டலாம், லாக்கில் கேட்டதும் கிடைத்ததும் ஒன்றாக வருகிறதா என்று பாருங்கள், கிடைப்பது பின்தங்கினால் பம்ப்போ இன்ஜெக்டரோ களைத்துவிட்டது. டீசலை எப்போது பீய்ச்ச வேண்டும் என்று சொல்லும் டைமிங் மேப்பை 10 சதவீத டார்க்குக்கு மாற்றத் தேவையில்லை. மெல்லிய காற்றுக்கும் குளிர்ந்த இன்ஜினுக்கும் தனித்தனி திருத்தங்கள் உள்ளேயே இருக்கின்றன, டிசம்பர் உறைபனிக் காலையில் வண்டி ஒழுங்காக ஸ்டார்ட் ஆவதே அவற்றால்தான்.

சூட்டைக் கண்டு டீசலைக் குறைக்கும் பாதுகாப்பு மேப்கள், லிம்ப் மோடு நிபந்தனைகள், இவற்றை அணைத்துத் தருகிறேன் என்று யாராவது சொன்னால் எழுந்து வந்துவிடுங்கள். ரெயில் சென்சாருக்கும் ஈசியூவுக்கும் நடுவே மாட்டும் டியூனிங் பாக்ஸும் எனக்குச் சம்மதமில்லை. அது பிரஷர் குறைவாக இருப்பதாக ஈசியூவிடம் பொய் சொல்லி அதிகம் ஏற்ற வைக்கிறது. எவ்வளவு டீசல் போகிறது என்று ஈசியூவுக்கே தெரியாத நிலையில், உயரத்துக்கு அது போடும் கணக்கும் தப்பாகிவிடும்.

பி.எஸ்.6 வண்டிகளும் சட்டமும்

2020 ஏப்ரலிலிருந்து வந்த பி.எஸ்.6 டீசல் கார்களில் புகையிலுள்ள கரியைப் பிடித்துவைக்கும் டிபிஎஃப் என்ற ஃபில்டர் இருக்கும். மலை ஊருக்குள் குளிரில் குறைந்த தூரமே ஓட்டினால் அது சூடாகிக் கரியை எரிக்க நேரமே கிடைக்காது, லைட் எரியும். உடனே "டிபிஎஃப் டெலீட் போட்டுடலாம்" என்று யோசனை சொல்ல ஆள் வந்துவிடுவார். செய்யாதீர்கள். உள்ளே கரி எரிய 600 டிகிரி பக்கம் சூடு வேண்டும், மேட்டுப்பாளையம் இறங்கி கோவை ரோட்டில் 2,000 ஆர்பிஎம்முக்குக் குறையாமல் அரை மணி நேரம் நிறுத்தாமல் ஓட்டினால் பெரும்பாலும் சரியாகிவிடும். பாதியில் நின்றுபோகும் ரீஜெனரேஷனால் (இப்படிக் கரியை எரிப்பதன் பெயர் அது) டீசல் இன்ஜின் ஆயிலில் கலக்கும், டிப்ஸ்டிக்கில் அளவு ஏறிக்கொண்டே வந்தால் ஆயிலை மாற்றுங்கள்.

மோட்டார் வாகனச் சட்டம் 52-வது பிரிவின்படி, ஆர்.சி.யில் உள்ள கம்பெனி விவரங்களிலிருந்து வண்டி மாறக் கூடாது. 2019 திருத்தத்துக்குப் பிறகு, அனுமதியில்லாத மாற்றத்துக்கு உரிமையாளருக்கு 6 மாதம் வரை சிறை, அல்லது ஒரு மாற்றத்துக்கு 5,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். டிபிஎஃப், ஈஜிஆரை எடுப்பது நேராக இதில் மாட்டும். ரீமேப் செய்தால் வாரன்டி போகும், இன்சூரன்ஸ் கம்பெனிக்குச் சொல்லாமல் விட்டால் கிளெய்ம் நேரத்தில் மறுக்க அவர்களுக்குக் காரணம் கிடைக்கும். மஞ்சள் போர்டு வண்டிக்கு இது எல்லாமே இரட்டிப்பு ஆபத்து. புகைச் சோதனையில் பி.எஸ்.4 டீசலுக்கு 50 எச்எஸ்யு (புகை அடர்த்தியின் அளவு), அதற்கு முந்தையவற்றுக்கு 65 எல்லை. ரீமேப்புக்கு முன்னும் பின்னும் அளந்து பாருங்கள். எண் கூடியிருந்தால் எல்லைக்குள் இருந்தாலும் ஸ்மோக் லிமிட்டரைக் குறைக்க வேண்டும், சோலைக்காட்டு ஓரத்தில் வாழ்கிற நமக்கு எல்லைக்குள் இருப்பது மட்டும் போதாது.

எழுதுவதும் ஓட்டிப் பார்ப்பதும்

ஃபைலை வண்டிக்குள் எழுதும்போது பேட்டரிதான் முக்கியம். குளிர்காலக் காலையில் பேட்டரி ஏற்கெனவே சோர்ந்து கிடக்கும். கூடவே ஒரு நிலையான சப்ளை கொடுத்து 13 வோல்ட்டுக்கு மேல் வைத்திருங்கள், ஹெட்லைட், ப்ளோயர், ரேடியோ எல்லாம் அணைத்திருக்க வேண்டும். லேப்டாப்பையும் சார்ஜில் போடுங்கள். ஈசியூவைப் பொறுத்து சில நிமிடம் முதல் அரை மணி நேரத்துக்கு மேல்கூட ஆகலாம், நடுவில் கரண்ட் போனால் ஈசியூ செத்த கல். மழைக்காலத்தில் கரண்ட் போய்ப் போய் வரும் நம் ஊரில், வீட்டு பிளக்கை நம்பி சார்ஜர் போடுவதைவிட இன்னொரு நல்ல பேட்டரியை இணையாக மாட்டி எழுதுவது நல்லது. செக்சம் (ஃபைல் சரியாக இருக்கிறதா என்று ஈசியூ சோதிக்கும் எண்) திருத்தப்பட்டதா என்று எழுதும் முன்பே உறுதி செய்துகொள்ளுங்கள், தப்பாக இருந்தால் வண்டி ஸ்டார்ட்டே ஆகாது.

முதல் நாள் முழுக்க மிதிக்க வேண்டாம். சமதளத்தில் பாதி பெடலில் ஓட்டி, கோடு எதுவும் விழவில்லை என்று பார்த்துவிட்டு, பழைய மூன்று இடங்களிலும் வளைவிலும் மறுபடி லாக் எடுங்கள். கூலன்ட் சூடு பழைய லாக்கைவிட 5 டிகிரிக்கு மேல் கூடியிருந்தால் அந்த உயரத்துக்கான வரிசையில் டார்க்கைக் குறையுங்கள். முடிந்தால் டர்போவுக்கு முன்னால் புகைச் சூடு அளக்கும் கேஜ் ஒன்று மாட்டுங்கள், நீண்ட ஏற்றத்தில் 750 டிகிரியைத் தாண்ட விடக் கூடாது என்பது என் கணக்கு. மேலே வந்து நிறுத்தியதும் ஒரு நிமிடம் ஐடிலிங்கில் விட்டு அணையுங்கள், சூடான டர்போவுக்குள் ஆயில் நின்று கருகாமல் இருக்க அது வேண்டும். டால்ஃபின் நோஸில் வந்து நின்றதும் சாவியைத் திருப்பும் டாக்ஸி நண்பர்களுக்கு இதைத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

இறக்கத்துக்கு ரீமேப் எந்த உதவியும் செய்யாது. இன்னொரு விஷயம், பிரேக் பூஸ்டர் வெளிக்காற்றுக்கும் வேக்குவத்துக்கும் உள்ள வித்தியாசத்தில்தான் வேலை செய்கிறது. மேலே காற்றழுத்தமே குறைவு என்பதால் பூஸ்டர் தரும் உதவியும் குறையும். ஏறும் வேகம் கூடிய வண்டிக்கு பிரேக் பேடு, பிரேக் ஆயில் இரண்டையும் சேர்த்துப் புதுசாக்குங்கள். கல்லட்டியில் 36 கொண்டை ஊசி வளைவுகளையும் பிரேக்கிலேயே இறங்கினால் எந்தப் பேடும் தாங்காது. ரீமேப் போட்டாலும் போடாவிட்டாலும் செகண்ட் கியர்தான். கேரட், முட்டைக்கோஸ் ஏற்றி மேட்டுப்பாளையம் மண்டிக்கு இறங்கும் பிக்கப் வைத்திருப்பவர்கள், இழுவை கூடிவிட்டது என்று இன்னும் நாலு மூட்டை ஏற்றாதீர்கள். ஏற்றக்கூடிய எடையைச் சேஸிஸும் ஆக்சிலும் பிரேக்கும் டயரும் முடிவு செய்கின்றன, அவற்றில் எதையும் நாம் மாற்றவில்லை.

1,000 கிலோமீட்டர் ஓடியதும் ஆயில் அளவு, இன்டர்கூலர் ஹோஸ் ஜாயின்டுகள், கிளட்ச், ஸ்கேனரில் தேங்கியிருக்கும் கோடுகள் எல்லாவற்றையும் ஒரு தடவை பாருங்கள். அப்புறம் ஆயில் மாற்றும் இடைவெளியை மேனுவலில் உள்ளதில் பாதி, முக்கால் என்று சுருக்கிக்கொள்ளுங்கள். ஸ்டாக் ஃபைல், மாற்றிய ஃபைல், எல்லா லாக்குகளும் தேதி போட்டு இரண்டு இடத்தில் பத்திரமாக இருக்கட்டும். சர்வீஸ் சென்டரில் சாஃப்ட்வேர் அப்டேட் போட்டால் நம் ஃபைல் அழிந்துவிடும், மறுபடி பழைய ஃபைலையே அதன் மேல் எழுதாமல் புதுப் பதிப்பைப் படித்து அதில் மாற்றம் செய்யுங்கள். வண்டியை விற்கும்போது ஸ்டாக்குக்குத் திருப்பிவிட்டு விற்றுவிடுங்கள், இல்லையென்றால் வாங்குகிறவரிடம் விஷயத்தைச் சொல்லி ஸ்டாக் ஃபைலையும் கையில் கொடுங்கள்.